பெமுடாவும் ரெமாஜாவும்: இந்தோனேசிய இளைஞர் பண்பாடு பற்றிய ஓர் ஆராய்ச்சி

ஒரு சமுதாயம் தன் இளைஞரை எப்பெயரால் அழைக்கின்றதோ அப்பெயரிலேயே அது அவரிடம் எதிர்பார்ப்பது யாதென்பதும் அடங்கியிருக்கும். இந்தோனேசிய மொழியில் இளைஞரைக் குறிக்கும் சொற்களுள் இரண்டு சிறப்பாக நோக்கத்தக்கன. ஒன்று பெமுடா, மற்றையது ரெமாஜா. அகராதிப் பொருளில் இவ்விரண்டும் அயலயல் நிற்பன. ஆயினும் அந்நாட்டின் வரலாற்றிலே பெமுடா என்பது கொடி பிடித்தவனையும் சபதஞ் செய்தவனையும் நினைவூட்டுவது. ரெமாஜா என்பதோ பள்ளிச் சீருடையையும் காதற்பாட்டையும் சஞ்சிகையின் வண்ண அட்டையையும் நினைவூட்டுவது. 2020 ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பின்படி அந்நாட்டின் சனத்தொகை 27 கோடி. அவருள் 1997 ஆம் ஆண்டிற்கும் 2012 ஆம் ஆண்டிற்கும் இடையிற் பிறந்தோர் மாத்திரம் நூற்றுக்கு 28 பேரளவினர். இத்துணைப் பெருந்தொகையினரின் பேச்சையும் உடையையும் பாட்டையும் படத்தையும் வெறும் நாகரிக மோகம் என ஒதுக்கிவிடுவோர் உளர்; விற்பனைக்குரிய பொருளென்றே கணிப்போரும் உளர். இவ்விரு சாராரும் காணத் தவறுவது யாது என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பெமுடா என்னும் சொல்லுக்குப் பெருமை தேடித் தந்தது 1928 ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதம் 27 ஆம், 28 ஆம் நாள்களில் நிகழ்ந்த இரண்டாவது இளைஞர் மாநாடு. ஒல்லாந்தர் ஆட்சிக் காலத்துப் பத்தாவியாவில், அதாவது இன்றைய ஜகார்த்தாவில், அது கூடிற்று. தாயகம் ஒன்று, இனம் ஒன்று என உறுதிகூறிய அவ்விளைஞர், மூன்றாவதாக மொழியைப் பற்றியும் உறுதிகூறினர். ஆங்கு ஒரு நுட்பம் உண்டு. தமக்கு மொழி ஒன்றே என்று அவர் கூறவில்லை. ஒற்றுமைக்குரிய மொழியாக இந்தோனேசிய மொழியைப் போற்றுவோம் என்றே கூறினர். அம்மொழிக்கு அடிப்படையாயமைந்தது மலாய்மொழி. மிகப் பெரிய இனத்தவரின் மொழி யாவானிய மொழியாயிருந்தும் அதனை விடுத்து, துறைமுகங்களிலும் சந்தைகளிலும் பலரும் வழங்கிய மலாய்மொழியை அவர் ஏற்றுக்கொண்டனர். சபதஞ் செய்தவருட் பலர் ஒல்லாந்த மொழியிற் கல்வி பயின்றவர். வீட்டிலே யாவானியம், சுந்தானியம் முதலிய மொழிகளைப் பேசியவர். எனவே அவர் ஏற்றது தாய்மொழியையன்று, வருங்காலத்தவர் மொழியை என்பது பொருந்தும். அம்மாநாட்டிலேதான் சுப்ராத்மான் என்பவர் பின்னாளில் நாட்டுப் பண்ணாக விளங்கப்போகும் இசையைச் சொற்களின்றி வயலினில் மாத்திரம் வாசித்துக் காட்டினார்.

1945 ஆம் ஆண்டு ஓகஸ்ட் மாதத்தில் யப்பானியர் சரணடைந்தபோது, சுகர்ணோவையும் ஹத்தாவையும் ரெங்காஸ்டெங்க்ளொக் என்னும் ஊருக்குக் கொண்டுசென்று, சுதந்திரத்தை உடனே பிரகடனஞ் செய்யுமாறு நெருக்கியவரும் இளைஞரே. மறுநாளாகிய 17 ஆம் நாள் பிரகடனம் நிகழ்ந்தது. அப்புரட்சியை முன்தள்ளிய விசை இளைஞரிடமிருந்தே பிறந்தது என்பதைப் பெனடிக்ற் அண்டர்சன் 1972 ஆம் ஆண்டில் வெளியிட்ட தம் நூலில் விரிவாக ஆராய்ந்துள்ளார்.

அதே காலத்துக் கவிஞர் கைரில் அன்வார். 1922 இல் மேடான் நகரிற் பிறந்து 1949 இல் 26 வயதில் மறைந்தவர். இவர் 1943 இல் இயற்றிய 'ஆக்கு' என்னும் கவிதை, 'நான்' எனப் பொருள்படும் தலைப்பை உடையது. யப்பானியரின் தணிக்கைக்கு அஞ்சி அது முதலில் 'ஊக்கம்' எனப் பொருள்படும் வேறொரு தலைப்புடன் வெளியிடப்பட்டது. 'நாம்' என்னும் சொல்லே எங்கும் ஒலித்த காலத்தில் 'நான்' என ஒருவன் எழுந்து கூறுதல் ஆட்சியாளருக்கு அச்சந் தருவதாயிற்று. பெமுடா என்னும் கூட்டத்தினுள்ளே தனிமனிதனாகிய இளைஞனும் இருந்தான் என்பதற்கு இக்கவிதை சான்று.

சுதந்திரத்தின் பின்னர் இவ்விருவரையும் ஒருங்கே ஏற்க ஆட்சியாளருக்கு மனம் வந்திலது. சுகர்ணோ இளைஞரைப் புரட்சியின் வாரிசுகள் எனப் புகழ்ந்தார். எனினும் அவர் விரும்பிய பாட்டையே அவர்கள் பாடல் வேண்டும். 1959 ஆம் ஆண்டுச் சுதந்திரதினப் பேருரையில் மேனாட்டுத் துள்ளிசையை 'ஙாக் ஙிக் ஙொக்' என எள்ளி நகையாடினார். 1965 இற் கூஸ் சகோதரர் என்னும் இசைக்குழுவினர் பீற்றில்ஸ் குழுவினரின் பாணியிற் பாடிய குற்றத்துக்காக ஏறத்தாழ மூன்று திங்கள் சிறையிலிருந்தனர். புரட்சி செய்யும் இளைஞன் வேண்டும், ஆனால் கித்தார் மீட்டும் இளைஞன் ஆகான் என்பது அக்காலக் கொள்கை.

1966 முதல் 1998 வரை நீடித்த சுகார்த்தோவின் ஆட்சி இதனைத் தலைகீழாக்கியது. கித்தாருக்குத் தடையில்லை, கொடிக்கே தடை. 1978 இற் கல்வியமைச்சர் 'வளாக வாழ்வை வழமைக்குக் கொணர்தல்' என்னும் பெயரில் விதித்த ஒழுங்குகளால் மாணவர் மன்றங்கள் முடக்கப்பட்டன. பல்கலைக்கழகத்தில் அரசியல் பேசுதல் குற்றமாயிற்று. அரசியல் வெளியேறிய இடத்தை ரெமாஜாவின் உலகம் நிரப்பியது. 1977 இல் 'ஹாய்' என்னும் இளைஞர் சஞ்சிகை தோன்றியது. அதே ஆண்டில் ஜகார்த்தாவின் வானொலி நிலையமொன்று ரெமாஜாப் பாடலாக்கப் போட்டியைத் தொடங்கியது. 1979 இற் பள்ளிக் காதலைப் பாடிய 'கீத்தா சிந்தா டாரி எஸ் எம் ஏ' என்னும் படம் பெரும் புகழீட்டியது. 1986 முதல் நூல்வடிவில் வந்த ஹில்மானின் 'லூப்புஸ்' கதைகளில், எந்நேரமும் சுவிங்கம் மெல்லும் பள்ளி மாணவனொருவன் சிலேடையும் நகைச்சுவையுமாக உலாவினான். இவற்றையெல்லாம் ஆட்சியாளரின் சூழ்ச்சியென்று ஒரே சொல்லில் முடித்தல் எளிது. அது முழு உண்மையாகாது. ஏனெனில் அச்சஞ்சிகைகளிலும் கதைகளிலும் இளைஞர் தமக்கென ஒரு மொழியைப் பெற்றனர்.

அம்மொழியை நோக்குதல் இன்றியமையாதது. 1928 இன் சபதத்தால் உயர்ந்த மொழி, பின்னாளில் அலுவலகத்தின் மொழியாகவும் வகுப்பறையின் மொழியாகவும் மேடையின் மொழியாகவும் இறுகிற்று. அதிலே ஆணையிடலாம், அறிக்கை விடலாம். நண்பனோடு அளவளாவுதல் அரிது. இக்குறையைத் தீர்த்தது தெருவிற் பிறந்த 'ப்ரொக்கெம்' என்னும் குழூஉக்குறி மொழி. சொல்லின் முதல் மெய்யொலியை அடுத்து 'ஒக்' என்னும் ஒலியைப் புகுத்தி ஈற்றைக் களைவது அதன் ஒரு விதி. தந்தையைக் குறிக்கும் 'பாபாக்' இவ்விதியாற் 'பொக்காப்' ஆகும். தெருச்சண்டியரைக் குறிக்கும் 'ப்ரெமான்' என்பதே இவ்வாறு திரிந்து ப்ரொக்கெம் என நின்று அம்மொழிக்குப் பெயராயிற்று. சண்டியரும் கள்வரும் பிறர் அறியாவண்ணம் பேசிய பேச்சைப் பள்ளி மாணவர் பெற்றோர் அறியாவண்ணம் பேசலாயினர். அதன் வழித்தோன்றலாகிய இளைஞர் பேச்சு இன்று 'காவுல்' எனப்படும். கூடிப் பழகுதல் என்பது அச்சொல்லின் பொருள். அதிலே 'நான்', 'நீ' என்பவற்றுக்கு வழங்கும் 'குவே', 'லு' ஆகியன, ஜகார்த்தாவின் பழங்குடிகளாகிய பெத்தாவியர் சீனரின் ஹொக்கியன் பேச்சிலிருந்து பெற்றவை. முறைப்படியான மொழியில் ஒருவரை விளிக்குமுன் அவர் வயதையும் பதவியையும் எண்ண வேண்டும். 'லு' என்பதற்கு அவ்வெண்ணம் வேண்டா. ஆகவே 1928 இன் இளைஞர் சபதத்தால் ஏற்ற மொழியை நட்புக்கும் நகைப்புக்கும் உரிய மொழியாக்கியவர், ஆசிரியர்களாற் கண்டிக்கப்பட்ட இவ்விளைஞரே எனலாம். சபதத்தைச் சிதைத்தவராக அவரைக் கருதுவோர், அதனை ஒருவகையில் நிறைவேற்றியவரும் அவரே என்பதை மறந்துவிடுகின்றனர்.

எனினும் இதற்கு ஒரு மறுபக்கமும் உண்டு. சஞ்சிகையும் வானொலியும் ரெலிவிசனும் பரப்பியது தலைநகரின் பேச்சையே. ஏனைய ஊர்களின் இளைஞர்க்கும் தத்தமக்குரிய விளையாட்டு மொழிகள் உள. மாலாங் நகரத்து இளைஞர் சொற்களைப் பின்னிருந்து முன்னாகப் புரட்டிப் பேசுவர். அவர் வாயில் மாலாங் 'ஙாலாம்' ஆகும். யோக்யகார்த்தாவின் இளைஞர் யாவானிய நெடுங்கணக்கின் முதல் வரிசை எழுத்துக்களை மூன்றாம் வரிசையோடும், இரண்டாம் வரிசை எழுத்துக்களை நான்காம் வரிசையோடும் மாற்றிப் பேசுவர். 'உன் கண்' எனப் பொருள்படும் 'மாத்தாமு' இம்முறையால் 'டாகாடு' ஆகும். பல்லவ எழுத்தின் வழிவந்த அந்நெடுங்கணக்கை ஏட்டில் எழுதுவோர் அருகிய காலத்தும், அதன் வரிசை முறை இளைஞரின் கேலிப்பேச்சிலே காக்கப்பட்டிருத்தல் வியப்புக்குரியது. தலைநகரப் பேச்சின் கவர்ச்சியால் இவை நலியுமாயின் அது இழப்பேயாகும்.

உடையிலும் இத்தகைய இருமையைக் காணலாம். 1982 ஆம் ஆண்டுச் சீருடை விதிகளால் அரசுப் பாடசாலைகளில் முசுலிம் மாணவியர் தலைத்துணி அணிதல் தடைப்பட்டது. அதனை அணிந்தமைக்காகப் பள்ளியை விட்டு நீங்க நேர்ந்த மாணவியர்க்கு அத்துணி ஓர் எதிர்ப்பின் சின்னம். 1991 இல் தடை நீங்கிற்று. இரண்டு தசாப்தங்களுள் அதே துணி வண்ணமும் வடிவமும் பல பெற்று நாகரிக உடையாயிற்று, கடைகளை நிறைத்தது. 2021 இலோ மேற்குச் சுமாத்திராவில் அரசுப் பாடசாலையொன்று கிறித்தவ மாணவியொருத்தியும் அதனை அணிதல் வேண்டுமென வற்புறுத்தியமை பெரும் வழக்காயிற்று. அமைச்சர் மூவர் கட்டாயத்தைத் தடுக்க விதித்த ஆணையை உயர்நீதிமன்றம் அவ்வாண்டிலேயே தள்ளிவிட்டது. தடையாயினும் கட்டாயமாயினும், தன் உடை யாதென்பதைத் தீர்மானிக்கும் உரிமை இளம் பெண்ணிடமிருந்து விலகிச் செல்வதே இரண்டிலும் காணப்படும் பொதுமை.

இனி, இளைஞர் பண்பாட்டைக் காட்டிப் பெரும் புகழ்பெற்ற இரு படைப்புக்களை ஒப்புநோக்கல் தகும். முதலாவது, 2002 பெப்ரவரியில் வெளியான 'ஆடா ஆப்பா டெங்ஙான் சிந்தா' என்னும் திரைப்படம். மீரா லெஸ்மானாவும் ரீரி ரீசாவும் தயாரிக்க, ரூடி சூஜார்வோ நெறிப்படுத்தியது. உள்நாட்டுப் படங்கள் ஆண்டுக்கு ஒரு சிலவாய் அருகியிருந்த நிலையை மாற்றிய படங்களுள் இது தலையாயது. கதைத்தலைவியின் பெயர் சிந்தா. காதல் எனப் பொருள்படும் இச்சொல், தமிழிற் சிந்தை எனவும் சிந்தனை எனவும் வழங்கும் வடசொல்லோடு உறவுடையது. பள்ளியின் சுவர்ச் சஞ்சிகையை நடத்தும் இம்மாணவி, கவிதைப் போட்டியில் வென்ற ரங்கா என்னும் தனிமை விரும்பியோடு முதலிற் பிணங்கிப் பின்னர் நட்புக் கொள்கின்றாள். அவன் தவறவிட்ட நூலொன்று அவள் கையிற் கிடைக்கிறது. கைரில் அன்வாரின் வாழ்வைப் பற்றி ஷூமான் ஜாயா எழுதிய 'ஆக்கு' என்னும் திரைக்கதை நூல் அது. பின்னர் இருவரும் குவித்தாங் என்னும் பழைய புத்தகச் சந்தைக்குச் செல்கின்றனர். பாட்டும் தோழியர் கூட்டமும் நிறைந்த ரெமாஜாக் கதையினுள்ளே பெமுடாவின் கவிஞர் இவ்வாறு புகுகின்றார்.

அப்படத்தின் சிறப்பு இதனோடு முடியவில்லை. ரங்காவின் தந்தையார் பழைய ஆட்சியில் தம் கருத்தின் பொருட்டுப் பதவியிழந்தவர். சிந்தா அவ்வீட்டிற் கால்வைத்த வேளையில் வீட்டின்மீது எரிகுண்டு வீசப்படுகிறது. 1998 மே 12 ஆம் நாள் திரிசக்தி பல்கலைக்கழக மாணவர் நால்வர் சுட்டுக்கொல்லப்பட்டு, 21 ஆம் நாள் சுகார்த்தோ பதவி துறந்து நான்கு ஆண்டுகள் கூட நிறையாத காலம் அது. வசதிமிக்க வீட்டுப் பிள்ளைகளின் கதையே எனினும், காதலிப்பவனின் துன்பத்தை அறியப் புகும் பெண் நாட்டின் துன்பத்தையும் அறிய நேர்கின்றது. ரங்காவாக நடித்த அதே நடிகரே, 1969 இற் செமேரு மலையில் 26 வயதில் மாண்ட மாணவச் சிந்தனையாளர் சூ ஹொக் கீயின் வேடத்தை 2005 இல் ஏற்றமையும் பொருத்தமாயிற்று.

இரண்டாவது, பீடி பாயிக் 2014 இல் வெளியிட்ட 'டிலான்' நாவலும், 2018 இல் அதனின்று எழுந்த 'டிலான் 1990' திரைப்படமும் ஆகும். படத்தைத் திரையரங்குகளிற் கண்டோர் 60 இலட்சத்துக்கு மேற்பட்டோர். 1990 இன் பாண்டுங் நகரில், மோட்டார்ச் சைக்கிட் குழுவொன்றின் தலைவனாகிய டிலான், ஜகார்த்தாவிலிருந்து வந்த மிலேயாவைத் தன் பேச்சாற் கவர்கின்றான். அவள் பிறந்தநாளுக்குக் குறுக்கெழுத்துப் போட்டிப் புத்தகமொன்றைப் பரிசளிக்கின்றான். விடை தேடி அவள் சிரமப்படலாகாது என்று எல்லாக் கட்டங்களையும் தானே நிரப்பிக் கொடுக்கின்றான். இத்தகைய குறும்பும் கனிவும் படைப்பின் உண்மையான வலிமை. பணச் செலவின்றிச் சொல்லாலேயே அன்பு செய்யும் இளைஞனை மக்கள் விரும்பியதிற் குறைகாண இடமில்லை.

ஆயினும் வினா ஒன்று எஞ்சுகின்றது. 1990 என்னும் ஆண்டு அங்கு எங்கே? அதற்கு முந்திய ஆண்டில், அதே பாண்டுங் நகரில், உள்நாட்டலுவல்கள் அமைச்சரின் வருகையை எதிர்த்த தொழினுட்பக் கல்லூரி மாணவர் கைதாகிச் சிறையும் சென்றனர். டிலானின் தந்தையார் படைவீரர். அவனும் குழுவினுள்ளே படைத்தலைவனுக்குரிய பெயரைப் பூணுகின்றான். ஆயினும் படையின் கை நாட்டின் கழுத்திலிருந்த காலம் அது என்பதற்கு அடையாளம் படத்தில் இல்லை. மழையும் பழைய தொலைபேசியும் மோட்டார்ச் சைக்கிளுமே 1990 ஆகிவிடுகின்றன. காதற்கதை எல்லாம் அரசியல் பேசல் வேண்டும் என்பது விதியன்று. ஆனால் ஓர் ஆண்டைத் தலைப்பிலே சூட்டிக்கொண்ட படைப்பு, அவ்வாண்டின் அச்சத்தை அறவே நீக்கி அதன் இனிமையை மாத்திரம் தருமாயின், அக்காலத்தைக் கண்டறியாத இளைஞர்க்கு அது பொய்யானதொரு நினைவை ஊட்டிவிடும். முந்திய படத்தில் ரெமாஜாவிலிருந்து பெமுடாவை நோக்கி ஒரு வாயில் இருந்தது. பிந்தியதில் அவ்வாயில் வண்ணந் தீட்டி அடைக்கப்பட்டுள்ளது.

கலை அடைத்த வாயிலை வாழ்க்கை திறந்துவிடுதலும் உண்டு. இந்தோனேசிய இளைஞரின் பொழுதுபோக்குக்களுட் தலையாயது 'நொங்க்ரொங்' எனப்படும். வேலை எதுவுமின்றி நண்பருடன் குந்தியிருந்து பேசுதல் என்பது அதன் பொருள். தெருவோரத்திலோ 'கெடாய் கொப்பி' எனப்படும் கோப்பிக் கடையிலோ அது நிகழும். 'கெடாய்' என்பது தமிழ்க் 'கடை'யே என்பது சொல்லாராய்ச்சியாளர் அறிந்ததொன்று. மூத்தோர் இதனைச் சோம்பலென்பர். ஆனால் காசில்லாதோர்க்குக் குந்துவதற்கும் நகரில் இடம் வேண்டும் அன்றோ? 2022 யூலையில் இவ்வினா வெளிப்பட்டது. சித்தாயாம், போஜொங்கெடே, டெப்பொக் முதலிய புறநகர்களிலிருந்து சில ஆயிரம் ரூபியாக் கட்டணத்தில் இரயிலேறி வந்த சிறுவரும் சிறுமியரும், ஜகார்த்தாவின் டுக்கு ஆத்தாஸ் நிலையத்தருகே, பாதசாரிகள் கடக்கும் வெள்ளைக் கோடுகளையே மேடையாக்கி, மலிவான ஆடைகளை அழகுற அணிந்து நடந்து காட்டினர். அயலிலுள்ள பெருவணிக வட்டாரத்தின் ஆங்கிலப் பெயரைக் குறிக்கும் எஸ் சி பி டி என்னும் எழுத்துக்களைத் தம் ஊர்ப் பெயர்களின் முதலெழுத்துக்களாக மாற்றிக் கேலி செய்தனர். முதலில் ஆளுநரும் அவ்வழி நடந்து மகிழ்ந்தார். விரைவில் திரைநட்சத்திரம் ஒருவரின் நிறுவனம் அவ்விழாவின் பெயரைத் தன் வணிகக் குறியாகப் பதிய விண்ணப்பித்தது. பொதுமக்களின் சினங்கண்டு மீளப் பெற்றது. போக்குவரத்துக்கு இடையூறு எனக் கூறப்பட்டுக் கூட்டமும் கலைக்கப்பட்டது. வறிய சிறுவர் ஆக்கிய ஒன்றைச் செல்வர் உரிமை கொண்டாட முயன்றமையும், அச்சிறுவர்க்கு இடமில்லையென முடிந்தமையும் சில கிழமைகளுள் நிகழ்ந்தன.

இவ்விளையாட்டு மனப்பான்மையே போராட்டத்திலும் வெளிப்படுதல் கவனிக்கத்தக்கது. 2019 செப்ரெம்பரில் ஊழலொழிப்பு ஆணைக்குழுவின் வலிமையைக் குறைத்த சட்டத்தையும் புதிய குற்றவியற் சட்டக்கோவையையும் எதிர்த்து மாணவர் வீதிக்கு வந்தபோது, அவர் ஏந்திய அட்டைகளில் நகைச்சுவையும் காதற்கேலியும் மலிந்திருந்தன. அவற்றைக் கண்டு நகைத்தோர், கெண்டாரி நகரில் இரு மாணவர் உயிரிழந்த செய்தி கேட்டு நகைப்பை நிறுத்தினர். 2025 இன் சுதந்திரதினத்தை ஒட்டி, யப்பானியப் படக்கதையொன்றின் கடற்கொள்ளைக்காரர் கொடியை இளைஞர் பலர் பறக்கவிட்டனர். நாட்டுக் கொடிக்கு இழுக்கென அதிகாரிகள் சிலர் சினந்தனர். அதே ஓகஸ்ட் 28 ஆம் நாள், பாராளுமன்ற உறுப்பினரின் படிகளை எதிர்த்தெழுந்த கிளர்ச்சியிடையே, மோட்டார்ச் சைக்கிளிற் பயணிகளை ஏற்றிப் பிழைத்த 21 வயது இளைஞனொருவன் பொலிசாரின் கவசவண்டியில் நசுங்கி இறந்தான். அவன் தொழிலினர் அணியும் மேலாடையின் பச்சை நிறமும், போராட்டத்தில் முன்னின்ற பெண்ணொருத்தியின் தலைத்துணியின் இளஞ்சிவப்பு நிறமும் இளைஞரின் துயரச் சின்னங்களாயின. உடையும் நிறமும் படக்கதையும் ரெமாஜாவுக்குரியன எனப்பட்டவை. அவற்றைக் கொண்டே பெமுடாவின் பணி நிகழ்ந்தது.

மேற்கூறியவற்றால் ஒன்று தெளிவாகும். பெமுடா வேறு, ரெமாஜா வேறு என்னும் பிரிவு இளைஞர் வகுத்ததன்று. புரட்சியை மாத்திரம் வேண்டிய ஆட்சியும், அமைதியை மாத்திரம் வேண்டிய ஆட்சியும், விற்பனையை மாத்திரம் வேண்டும் வணிகமும் தத்தம் வசதிக்காக வகுத்தது. 1943 இல் 'நான்' எனப் பாடிய கவிஞரும், 1965 இற் சிறைசென்ற பாடகரும், தெருவின் வெள்ளைக் கோட்டில் நடந்த சிறுமியும் இப்பிரிவுக்கு அடங்கவில்லை. ஆகவே அந்நாட்டு இளைஞர் கலையை மதிப்பிடுவோர், அது இன்பந் தருகின்றதா என்பதோடு அமையாது, அவ்வின்பத்தினூடே தன் காலத்தை அறிய இடந்தருகின்றதா என்பதையும் வினவல் வேண்டும். இளைஞரின் பேச்சையும் உடையையும் கண்டு முகஞ்சுளிக்கும் மூத்தோரும், 1928 இன் சபதஞ் செய்தோர் தாமும் இருபதைச் சூழ்ந்த வயதினரே என்பதை மறத்தலாகாது.